முக்காடு காய்வதற்குள்

காற்று மாதம், 4

கொட்டாவி மாமாவை இன்று கொட்டாவியாலேயே கவிழ்த்தோம்.

எண்ணெய்க்கடை வாசலில் நானும் ஊசியும் எதிரெதிரே நின்று மாறி மாறி வாயைப் பிளந்தோம். (ஊசி, தையல்காரர் மகள். ஆள் ஒல்லி, பேச்சு குத்தும்.) முதலில் வரிசையில் நின்ற தச்சருக்குத் தொற்றியது. பிறகு அவருக்குப் பின்னால் இருந்தவருக்கு. கடைசியில் மாமாவுக்கு. வாய் திறந்தது, கண் மூடியது, எண்ணெய் புனலை விட்டுவிட்டு நேராக அவர் செருப்புக்குள் போனது. தெருவே சிரித்தது, மாமாவைத் தவிர. அவர் எங்கள் தெருவுக்குத் தலைவர் வேறு. இன்று முழுக்க வழுக்கி வழுக்கித்தான் தலைமை தாங்கினார்.

அம்மாவிடம் புகார் வந்தது. நான் அங்கே போகவே இல்லை என்று சாதித்தேன். கயிறு திரிப்பது எங்கள் குடும்பத் தொழில். அம்மாவும் அண்ணனும் நாரில் திரிக்கிறார்கள், நான் வாயில் திரிக்கிறேன்.

அண்ணன் நம்பவில்லை. "வாலு, உன் வாலையும் ஒருநாள் கயிறாத் திரிச்சு வித்துடப் போறேன்" என்றான். சொல்லும்போதே தரையில் தன் நிழலை ஒரு பார்வை பார்த்துக்கொண்டான். வேலைக்கு நடுவே எப்போதும் அப்படித்தான். அவன் இந்தத் தெருவின் கூவல்காரன். பகலில் நிழல் திடீரென்று சூரியனை நோக்கித் திரும்பினால், விருந்தாளி வரப்போகிறார் என்று அர்த்தம். விருந்தாளி என்பது ஒரு வெளிச்சம். அதை வேறு எந்தப் பெயராலும் யாரும் சொல்வதில்லை. சொல்லாமல் வந்து, நம்மிடம் உள்ள சொல்லைத் தின்றுவிட்டுப் போகிற விருந்தாளி.

இவனுக்கு முன்பு இருந்த கூவல்காரர் இப்போது ஆற்றுப்படியில் உட்கார்ந்து எல்லோரையும் பார்த்துச் சிரிக்கிறார். "ஆமாம்" என்ற ஒரு சொல்தான் அவருக்கு மிச்சம். போன வருஷம் அவரிடம் "நீங்க கழுதையா?" என்று கேட்டு ஆமாம் வாங்கினேன். அண்ணன் என்னை அடித்தது அந்த ஒரு முறைதான்.

காற்று மாதம், 5

நார் ஊறவைத்தேன். நானும் ஊறினேன். வேறொன்றும் இல்லை.

காற்று மாதம், 9

விருந்தாளி வந்துவிட்டார். தையல் வீட்டுக்குள் மாட்டிக்கொண்டு, மெழுகுவத்தி வெளிச்சத்தில், தைக்காத சட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்து எழுதுகிறேன்.

ஜன்னல் இடுக்கையெல்லாம் ஊசியின் அப்பா துணி வைத்து அடைத்துவிட்டார். சாவித் துவாரத்தில் மட்டும் துணி கொஞ்சம் விலகியிருந்தது. அதன் வழியாக ஒரு கோடு, பாலை விடக் கெட்டியாக, தரையில் வந்து நின்றது. காய்ந்த இரும்பு வாசனை. அதில் கையை நனைக்கலாமா என்று ஆசையாக இருந்தது. எல்லோருக்கும் அப்படித்தான் இருக்குமாம், அதுதான் பயமே. ஊசியின் அப்பா என்னை இழுத்துவிட்டுத் துவாரத்தை அடைத்தார்.

அவருக்குக் காது கேட்காது. அதனால் அந்த வீட்டில் கூவலுக்குப் பதில் சொல்வது ஊசியின் வேலை. இங்கேதான் என் மூளை வேலை செய்தது.

கூவல் என்பது இதுதான். தெருவின் தொட்டியில் ஊறும் கோணி முக்காட்டைத் தலையில் போட்டுக்கொண்டு அண்ணன் வீடு வீடாகப் போவான். "உள்ள யாரு?" என்பான். உள்ளே இருப்பவர்கள் எல்லோரையும் சொல்ல வேண்டும், அடுத்த வீட்டு ஆள் ஒதுங்கியிருந்தால் அதையும். கணக்கில் வராத ஆளை அவன் தேட வேண்டும். எல்லோரும் உள்ளே என்று தெரிந்த பிறகுதான் அவன் உள்ளே போகலாம். அதெல்லாம் முக்காடு காய்வதற்குள் முடிய வேண்டும். அந்த வெளிச்சத்தில் எதுவும் சீக்கிரம் காய்ந்துவிடும்.

"தையல் வீடே! உள்ள யாரு?"

ஊசி வாயைத் திறந்தாள், நான் பொத்தினேன். அவள் மாதிரியே மூக்கால் சொன்னேன்: "நானும் அப்பாவும்!"

"எங்க வாலு அங்க வந்தாளா?"

"வரவே இல்லண்ணா!" அந்தக் கடைசி 'ண்ணா'வை ஊசி எப்படி இழுப்பாளோ அப்படியே இழுத்தேன். அச்சு அசல்! என் வாழ்நாள் சாதனை இது.

விருந்தாளி போனதும் அவனுக்கு முன்னால் வீட்டுக்கு ஓடி, பெரிய கயிற்றுச் சுருளுக்குள் ஒளிந்துகொண்டு, அவன் வந்ததும் குதிக்கப் போகிறேன். அந்த முகத்தைப் பார்க்க வேண்டும்.

ஊசி சிரித்துக்கொண்டிருந்தவள் பாதியில் நிறுத்திவிட்டாள். "அவர் தேடுவாருடி" என்கிறாள். தேடட்டுமே. இது என்ன பெரிய தெருவா?

அதே நாள், சாயங்காலம்

சுருளுக்குள் இடுப்பு ஒடிகிற வரை உட்கார்ந்திருந்தேன். அண்ணன் வரவில்லை.

காற்று மாதம், 10

படகுக்காரர்கள் கூட்டி வந்தார்கள். ஆற்றங்கரையில் கவிழ்த்துப் போட்டிருக்கும் படகுகளுக்கு அடியில் குனிந்து குனிந்து பார்த்துக்கொண்டிருந்தானாம். சின்ன வயதில் நான் ஒளிகிற இடம் அது. வெளிச்சம் போய் வெகு நேரம் கழித்தும் அவன் பார்ப்பதை நிறுத்தவில்லையாம். தலையில் முக்காடு அப்பளம் மாதிரி மொடமொடத்துக் கிடந்தது.

வீட்டுக்குள் வந்து தண்ணீர்ப் பானையைக் காட்டினான். "அது… அதுல இருக்கிற அது…"

நான் சிரித்துவிட்டேன். என்னைக் கண்டுபிடித்துவிட்டான், பழிக்குப் பழியாக நடிக்கிறான் என்று நினைத்தேன். நானும் விடவில்லை. "எது? பூனையா? ஏணியா? மாமாவோட எண்ணெய்ச் செருப்பா?" அவன் ஒவ்வொரு சொல்லுக்கும் என் வாயையே பார்த்தான். எந்தச் சொல் என்று தேடிப் பார்த்தான். பிறகு அழுதான்.

அண்ணன் அழுதால் எப்படி இருக்கும் என்று எனக்கு அதுவரை தெரியாது. அம்மா கையில் இருந்த பாத்திரத்தை மெதுவாகக் கீழே வைத்தாள். போட்டு உடைத்திருந்தால் தேவலை.

காற்று மாதம், 11

அண்ணனிடம் இல்லாத சொற்கள்: கத்தரிக்கோல். சீப்பு. உப்பு. செவ்வாய். முழங்கை. அப்பாவின் முகம் நினைவிருக்கிறது, அப்பா என்ற சொல் இல்லை.

'வாலு'வும் இல்லை. என்னைக் கூப்பிட வேண்டுமென்றால் தோளைத் தட்டுகிறான்.

காற்று மாதம், 14

வைத்தியரம்மா வந்தார். விரலைக் காட்டி, விளக்கைக் காட்டி, அண்ணனிடம் ஒவ்வொன்றாகக் கேட்டார். அம்மா கதவோரம் நின்று ஒவ்வொரு விடையையும் உதட்டுக்குள் சொல்லிக்கொண்டிருந்தாள், பரீட்சை எழுதும் பிள்ளைக்குக் கண்ணால் உதவுவது போல.

"போனது திரும்பாது. ஆனா குழந்தை மாதிரி மறுபடி கத்துக்கலாம். நிறையவே கத்துக்கலாம்" என்றார் வைத்தியரம்மா. அம்மா முகம் மலர்ந்தது. "ஆனா இன்னொரு தடவை பட்டுச்சுன்னா கத்துக்கிற இடமே போயிடும். ஆற்றுப்படியில உக்காந்திருக்காரே, அவரு மாதிரி."

அடுத்த முறை அவன் வெளியே போகக் கூடாது, அவ்வளவுதானே? வேறு யாராவது கூவட்டும். இது ஒன்றும் பெரிய கணக்கு இல்லை.

காற்று மாதம், 16

பெரிய கணக்குத்தான்.

எண்ணெய்க்கடை முன்னால் தெரு கூடியது. கொட்டாவி மாமா இன்று ஒரு கொட்டாவி கூட விடவில்லை. "நடந்தது நடந்துபோச்சு. பையன் ஏற்கெனவே நனைஞ்சுட்டான். நனைஞ்சவனுக்குக் குடை எதுக்கு? இன்னொரு வீட்டுப் பிள்ளையை எதுக்குக் கெடுக்கணும்?"

தச்சர் இழுத்தார். "கூப்பிடறதுக்கு வாய் வேணுமே மாமா."

"வீட்டுப் பேரைச் சொல்லிக் கொடுத்தாப் போதும். தங்கச்சி சொல்லிக் கொடுப்பா. அவளுக்குத்தான் வாய் காது வரைக்கும் இருக்கே."

சிலர் சிரித்தார்கள். என் நகைச்சுவை எனக்கே திரும்பி வந்தால் இப்படித்தான் இருக்கும் போலிருக்கிறது.

அம்மா எழுந்தாள். "அண்ணே, அடுத்த தடவை அவனுக்கு மிச்சம் இருக்கறதும் போயிடும்ணே." அவ்வளவுதான் சொன்னாள். யாரும் அவளைப் பார்க்கவில்லை. எல்லோருக்கும் வீட்டில் ஒரு மகன் இருக்கிறான்.

மாமா சட்டம் பேசினார். "கூவலுக்கு யாராவது பொய்ப் பதில் சொல்லியிருந்தா, முக்காடு அந்தத் தலைக்குப் போகும். அது நம்ம தெரு வழக்கம். ஆனா யாரும் சொல்லலயே. இவனா ஆத்துப் பக்கம் போனான்." பிறகு என்னிடம், "நீ எங்கடி இருந்த?"

"எங்க நார்க் கிடங்குல. தூங்கிட்டேன்."

கிடங்கில் யாரும் இருக்கக் கூடாது, அதனால் அங்கே கூவ மாட்டார்கள். அதற்குத் தண்டனை திட்டு மட்டும். திட்டினார்கள். ஊசி தன் கால்விரலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் அப்பா எதுவும் காதில் விழாமல், என்னைப் பார்த்து அன்பாகத் தலையாட்டினார். அன்று அவர் வீட்டில் நான் இருந்ததைக் கண்ணால் பார்த்தவர் அவர். அவரை யாரும் எதுவும் கேட்கவில்லை.

எனக்கு வயது பதினைந்து. முக்காடு என் தலைக்கு வந்தால் என்னிடம் என்ன மிஞ்சும்? எனக்கு அழகில்லை, படிப்பில்லை, கயிறு கூடச் சீராக வராது. இருப்பது இந்த நாக்கு ஒன்றுதான்.

காற்று மாதம், 17

ஊசி கிடங்குக்கு வந்தாள். "நீ சொல்லலன்னா நான் சொல்லிடுவேன்."

"சொல்லேன். அன்னைக்குத் தெருவுல கேட்டது உன் குரல்தான். யாரு தலையில கட்டுவாங்கன்னு பாப்போம்."

சொல்லி முடித்த பிறகுதான் நான் சொன்னது என் காதில் விழுந்தது. அவள் திரும்பிப் போனாள். ஊசி ஒன்றும் பேசாமல் போனது இதுவே முதல்முறை.

நான் இவ்வளவு கேவலமா?

காற்று மாதம், 19

அண்ணனுக்குப் பாடம். வாத்தியார் நான், அதுவே ஒரு நகைச்சுவை. கயிறு, நார், முடிச்சு மூன்றும் பிடிபட்டுவிட்டன. "முடிச்சு" என்றதும் தானே ஒரு முடிச்சுப் போட்டுக் காட்டி, தன் முதுகைத் தானே தட்டிக்கொண்டான். சொல்தான் போயிருக்கிறது, ஆள் அப்படியே உள்ளே இருக்கிறான். அதுதான் தாங்க முடியவில்லை. மூடிய ஜன்னலுக்குப் பின்னால் நிற்கிறவன் மாதிரி.

பிறகு வீட்டுப் பெயர்கள். மாமா சொல்லியனுப்பியிருக்கிறார். "தச்சு வீடே" வருகிறது. "எண்ணெய்க்கடையே" வரவில்லை, நாக்கு வழுக்குகிறது. நான் மாமா மாதிரி வழுக்கி வழுக்கி நடந்து காட்டினேன். விழுந்து விழுந்து சிரித்தான்.

சிரித்து முடித்ததும் என் கையைப் பிடித்தான். வெகு நேரம் தேடினான், ஒவ்வொரு சொல்லையும் கிணற்றிலிருந்து இழுப்பது போல.

"நீ… எங்க? படகு… பாத்தேன். நீ இல்ல. இங்க… இல்ல. அங்க… இல்ல."

நான் தரையில் கிடந்த முடிச்சைப் பார்த்தேன்.

அவன் என் தலையில் கை வைத்தான். "இருக்க," என்றான். "நல்லது."

கிடங்குக்கு ஓடிப் போய் நார்க் குவியலில் முகத்தைப் புதைத்துக்கொண்டேன். திட்டியிருக்கலாம்ல? ஒரு அறை விட்டிருக்கலாம்ல? அதுக்குச் சொல்லே வேணாமே.

காற்று மாதம், 20

சொல்லவில்லை.

காற்று மாதம், 21

மாமா கடை வாசல் வரை போனேன். வாயைத் திறந்தேன். "அரைப்படி விளக்கெண்ணெய்" என்றது வாய்.

காற்று மாதம், 22

அடுத்தது வர மாதக்கணக்கு ஆகலாம். போன வருஷம் இடையில் அப்படித்தான் ஆனது. அதற்குள் யோசித்துக்கொள்ளலாம். அம்மா முக்காட்டுக்குள் இன்னொரு மடிப்புக் கோணி வைத்துத் தைக்கிறாள். கோணி ஊசி குத்தி விரலில் ரத்தம். தடித்தால் காய நேரமாகும் என்கிறாள். யாரிடம் சொல்கிறாள் என்று தெரியவில்லை.

காற்று மாதம், 25

எழுத வருகிறது. முதலில் அதைத்தான் சோதித்தேன்.

முந்தாநாள் சாயங்கால வெயிலில் முற்றத்தில் நானும் அண்ணனும் கயிற்றை இழுத்துப் பிடித்திருந்தோம். அவன் நிழல் என் காலடி வரை நீண்டு கிடந்தது. கொஞ்சம் நெளிந்தது. பிறகு, தூக்கத்தில் புரண்டு படுப்பது போல, சூரியன் இருந்த பக்கம் திரும்பிப் படுத்தது.

அண்ணன் கயிற்றைக் கீழே வைத்தான். முகத்தில் பயம் இல்லை, வேலை வந்துவிட்டது என்ற முகம். தொட்டிப் பக்கம் நடக்க ஆரம்பித்தான். "தச்சு வீடே, தச்சு வீடே" என்று முணுமுணுத்துக்கொண்டே, பாடத்தை மறக்காமல்.

அந்த முணுமுணுப்புதான் என்னைத் தள்ளியது. அவனைப் பின்னாலிருந்து இழுத்து வீட்டுக்குள் தள்ளி, வெளியிலிருந்து கதவு வளையத்தைக் கயிற்றால் கட்டினேன். உள்ளே அம்மா கத்தினாள். அவன் கதவை உடைப்பது போல இடித்தான். இழுக்க இழுக்க இறுகும் முடிச்சு அது, அவனே சொல்லிக் கொடுத்தது.

முக்காடு அவ்வளவு கனம் என்று எனக்குத் தெரியாது. தண்ணீர் கழுத்து வழியாக ஓடியது.

"தச்சு வீடே! உள்ள யாரு?"

உள்ளே குழப்பம். "யாருடி அது? உங்க அண்ணன் எங்க?"

"அண்ணன் உள்ள இருக்கான். அன்னைக்குத் தையல் வீட்டுலேருந்து ஊசி குரல்ல பொய் சொன்னது நான். என்னைத் தேடித்தான் அவன் ஆத்துக்குப் போனான். முக்காடு என் தலைக்குத்தான். இப்ப சொல்லுங்க, உள்ள யாரு?"

ஒவ்வொரு வாசலிலும் இதையே சொன்னேன். முதல் வாசலோடு நிறுத்தியிருக்கலாம், மறுநாள் தெரு முழுக்கத் தானே தெரிந்திருக்கும். ஆனால் பாதிப் பேர் நம்பாமல் அண்ணனையே திரும்பக் கேட்பார்களோ என்று பயம். அதைவிட, சுருக்கமாகப் பேசி எனக்குப் பழக்கம் இல்லை.

வெளிச்சம் மேலிருந்து வரவில்லை. எங்கிருந்தும் வரவில்லை. சுவர், கல், என் கை எல்லாம் உள்ளுக்குள்ளிருந்து நிரம்பின. சத்தமே இல்லை. என் குரல் மட்டும் தனியாக நடந்து போனது. அவ்வளவு அழகு. யாராவது அதைத் திட்டியாவது எழுதியிருக்க வேண்டும். எழுதத் தெரிந்தவர்கள் எல்லாம் உள்ளே இருந்தார்கள்.

தையல் வீட்டில் ஊசி: "நானும் அப்பாவும்." கொஞ்சம் பொறுத்து, அழுகைக் குரலில்: "நிஜமாத்தாண்டி."

எண்ணெய்க்கடையில் நான் சொன்னதைக் கேட்டு மாமா வெகு நேரம் பேசவில்லை. நெற்றியில் கோணி உரச ஆரம்பித்திருந்தது. "மாமா, காயுது. உள்ள யாரு?"

"நானும் அத்தையும் பையனும்." பிறகு கதவுக்கு மிக அருகில் வந்து, "ஓடுடி. சீக்கிரம் ஓடு." அவரா அப்படிச் சொன்னார்? அவர்தான்.

கடைசியில் எங்கள் வீடு. "கயிற்று வீடே! உள்ள யாரு?" கதவு இடிப்பு நின்றது. "நானும் உங்க அண்ணனும்," என்றாள் அம்மா. "வாடி. வந்துடு." நான் கட்டிய முடிச்சை என்னாலேயே சீக்கிரம் அவிழ்க்க முடியவில்லை. அதற்குள் கோணி முழுக்கக் காய்ந்துவிட்டது.

என்ன போயிற்று என்று இன்னும் முழுதாகத் தெரியவில்லை. கை வைத்தால்தான் இல்லாதது தெரிகிறது. வானத்துக்கு ஒரு நிறம் உண்டு, கடலுக்கும் அதேதான். அதன் பெயர் போய்விட்டது. ஊசி வந்து சொல்லிக் கொடுத்தாள். எழுத உட்கார்வதற்குள் மறுபடி போய்விட்டது.

காற்று மாதம், 27

தெரு கூடி முடிவு சொன்னது. கூவல் இனி என்னுடையது. அம்மா எதிர்த்து ஒன்றும் பேசவில்லை. இரண்டு பிள்ளைகளில் எந்தப் பிள்ளைக்காகப் பேசுவாள்?

அண்ணன் இன்று "எண்ணெய்க்கடை" சொன்னான். பிசிறில்லாமல்.

பனி மாதம், 13

இரண்டாவது தடவை. வேகமாக முடித்தேன். மடிப்புக் கூட்டிய முக்காடு நல்லது. ஆனாலும் ஏதோ கசிகிறது. பேச்சில் முன்பு ஒரு சொல்லுக்குள் இன்னொரு சொல் ஒளிந்து நிற்பது கண்ணுக்குத் தெரியும். இப்போது ஒவ்வொன்றும் தனியாக நிற்கிறது.

ஊசி தினமும் வருகிறாள். என்னைச் சிரிக்க வைக்கப் பார்க்கிறாள். பாவம், அவளுக்கு அது வராது.

மழை மாதம், 2

இந்த நோட்டை எடுத்து ரொம்ப நாள் ஆகிறது. விருந்தாளி இடையில் அடிக்கடி வந்தார்.

இன்று மழை. அண்ணனும் நானும் உள்ளே கயிறு திரித்தோம். அவன் இப்போது நன்றாகப் பேசுகிறான், மெதுவாக. கடைக்குப் போய் வருகிறான். எனக்கு அது, இது, அங்கே. போதும். கயிறு திரிக்கப் பேச்சு வேண்டாம். அவன் புருவத்தைத் தூக்கினால் நான் இழுப்பேன்.

மாமா மழையில் நனைந்துகொண்டு வாசலில் போனார். கையில் விரிக்காத… மழைக்குப் பிடிப்பது. அதை அக்குளில் வைத்துக்கொண்டு நனைந்தார். அண்ணன் என்னைப் பார்த்தான். நான் முகத்தை மாமா மாதிரி வைத்துக்கொண்டு, நாரை அக்குளில் வைத்து, இரண்டு எட்டு நடந்தேன். அவ்வளவுதான். அண்ணன் கயிற்றை விட்டுவிட்டான். இருவரும் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தோம். வயிறு வலித்தது.

அம்மா அடுப்படியிலிருந்து கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். அவள் முகம் முன்பே சிரிக்க ஆரம்பித்திருந்தது.

"என்னடி அது? எனக்கும் சொல்லேன்."

அண்ணன் வாயைத் திறந்தான். அம்மா அவனைப் பார்த்துக் கையைக் காட்டி நிறுத்தினாள். "நீ இரு. அவ சொல்லட்டும்."

நான் வாயைத் திறந்தேன். மாமா. மழை. அது.

அம்மா காத்துக்கொண்டிருந்தாள்.